விரிசல் விடாத பன்னிரண்டு நாட்கள்

அரியலூர்,
25-11-2004, வியாழன்.

மரியாதைக்குரிய மச்சான் வைரக்கண்ணு அவர்கள் சமூகத்திற்கு, தங்கள் தங்கை ஜெயலட்சுமியின் வீட்டுக்காரன் கண்ணையன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் வீடும் சுகம். முக்கியமாக வீடு சுகம். திருமழபாடியில் தாங்களும், அங்கே வந்து இறங்கியிருக்கும் என் மனைவியும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். ஆற்றில் தண்ணீர் நிறையப் போவதாகப் பேப்பரில் பார்த்தேன், ஜாக்கிரதை.

மச்சான், விஷயத்துக்கு வருகிறேன். நான் ஜெயித்துவிட்டேன். ஜெயா தங்களிடம் என்ன சொல்லி அழுதாள் என்று தெரியாது. அதனால் ஆதியிலிருந்து சொல்கிறேன். பெரம்பலூர் பஸ் டிப்போவில் உதிரிபாக ஸ்டோரில் முப்பத்திரண்டு வருடம் இருந்தவன் நான். தேதி, பொருள், யாருக்கு, எதற்கு என்று சீட்டு எழுதாமல் ஒரு நட்டைக்கூட வெளியே விட்டதில்லை. காலை ஆறு மணி பஸ்ஸில் போய் இருட்டியபின் வீடு திரும்பியவன், ஆகஸ்டில் ரிட்டையர் ஆனபிறகுதான் என் வீட்டில் மத்தியானம் என்று ஒன்று நடப்பதையே பார்த்தேன். பார்த்தால், சரியாக ஒன்றரை மணிக்கு நான் சாப்பிட உட்காருகிறேன், ஏதோ ஒரு வார்த்தை கேட்கிறேன், ஜெயாவுக்குக் கோபம் வருகிறது, சாம்பார்ச் சட்டியை டங்கென்று வைக்கிறாள், தரை அதிர்கிறது, சுவரில் விரிசல் விடுகிறது. ஒரு நாள் இரண்டு நாள் இல்லை, வாரத்தில் நாலு நாள். எந்த மனிதனுக்கும் யோசனை வரத்தானே செய்யும்.

யோசித்ததில் உண்டானதுதான் என் உணர்வுப்பொருள் தத்துவம். அதாவது, உலகத்தில் உள்ள ஜடப்பொருள் எல்லாம் மனிதனின் உணர்ச்சிக்குக் கட்டுப்பட்டே நடக்கிறது. கோபம் சுவரைப் பிளக்கும். கவலை மரத்தை உப்ப வைக்கும். என் பென்ஷன் பேப்பர் வராத ஐப்பசி மாதம் முழுக்கக் கொல்லைக் கதவு சாத்தவே முடியவில்லை என்பதற்கு ஜெயாவே சாட்சி. அவள் மழை ஈரம் என்றாள். மழை எல்லாக் கதவிலும்தானே பெய்தது, என் கதவு மட்டும் ஏன் உப்ப வேண்டும் என்று கேட்டேன். அன்றைக்கும் ஒரு விரிசல்.

பக்கத்து வீட்டுக் கருப்பண்ணன் இதைக் கேட்டுவிட்டு, "அண்ணே, ஒன்றரை மணிக்குச் சுண்ணாம்புக்கல் குழியில வெடி வைக்கிறாங்கண்ணே. அதுல ஊரே ஆடுது"ன்னான். குழி இருப்பது ரெண்டு மைல் தள்ளி. அங்கே வைத்த வெடிக்கு என் சுவர் எதற்குப் பயப்பட வேண்டும்? "உன் வூட்டுல விரிசல் இருக்கா?"ன்னு கேட்டேன். "இருக்குண்ணே." "சம்சாரம் இருக்கா?" "இருக்காண்ணே." அவ்வளவுதான், பேச்சு முடிந்தது. அதோடு விடாமல் தெருவில் எட்டு வீடு ஏறி இறங்கினேன். எட்டிலும் விரிசல், எட்டிலும் சம்சாரம். ஒன்பதாவதாகப் போன, கல்யாணம் ஆகாத கொளஞ்சியப்பன் வீட்டில் மட்டும் ஒரு விரிசல் கிடையாது. அது கீற்றுக் கொட்டகை என்பது வேறு விஷயம்.

இதில் என் பக்கம் ஒரே ஒரு பிசகு நேர்ந்ததை மறைக்கவில்லை. ஸ்டோர் பழக்கம் கையை விட்டுப் போகுமா, ஒவ்வொரு விரிசல் பக்கத்திலும் பென்சிலால் குறிப்பு எழுதிவந்தேன். "செப்டம்பர் 14, ஜெயலட்சுமி, ரசத்தில் உப்பில்லை என்றதற்கு, நாலு விரல்." "அக்டோபர் 2, ஜெயலட்சுமி, அண்ணன் வாங்கிப்போன ஏணியைப் பற்றிக் கேட்டதற்கு, ஒரு முழம்." தாங்கள் தவறாக எடுத்துக்கொள்ளக் கூடாது, ஏணி தங்களிடமே இருக்கட்டும். தீபாவளி அன்று தலைதீபாவளிக்கு எங்கள் மகள் அபிநயாவையும் மாப்பிள்ளையையும் கொண்டுவந்து விட வந்த சம்பந்தியம்மாள், காபி டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டே சுவர் பக்கம் போனார். மூக்குக் கண்ணாடியை எடுத்து மாட்டினார். நிறுத்தி நிதானமாக, எல்லாருக்கும் கேட்கிறமாதிரி வாசித்தார்: "அக்டோபர் 19, ஜெயலட்சுமி, சம்பந்தியம்மாள் கல்யாணப் புடவையைக் குறை சொன்னதை நினைத்து, இரண்டு முழம், கிளையுடன்."

மாப்பிள்ளை வாயிலிருந்த அதிரசம் வாயிலேயே நின்றுவிட்டது. சம்பந்தியம்மாள் டம்ளரை வைத்துவிட்டுப் பஸ்ஸுக்கு நேரமாச்சு என்றார். மறுநாள் பிள்ளைகள் கிளம்பிப் போனதும் ஜெயா பையை எடுத்துக்கொண்டு வந்து நின்றாள். "முப்பது வருஷமா நான் மெழுகிப் பெருக்கிக் காப்பாத்தின வூடுங்க இது. நான்தான் இடிக்கிறேனா? சரி, நான் போறேன். உங்க சுவர் நல்லா நிக்கட்டும்"ன்னா. அதற்கும் தரை அதிரவில்லை, அதுதான் எனக்கு ஆச்சரியம்.

ஆனால் மச்சான், அவள் போன அன்றே எல்லா விரிசல் மேலும் குறுக்கே பேப்பர் துண்டு ஒட்டினேன். விரிசல் அகண்டால் பேப்பர் கிழியும். இன்றோடு பன்னிரண்டு நாள். ஒரு துண்டு கிழியவில்லை. ஒரு மயிரிழை புதிதாக விடவில்லை. சுவர் பிறந்த குழந்தை மாதிரி தூங்குகிறது. கருப்பண்ணனைக் கூப்பிட்டுக் காட்டினேன், ஒவ்வொரு துண்டாகத் தடவிப் பார்த்துவிட்டுப் போனான். பெரியபெரிய ஆட்கள் ஆயுசு முழுக்கத் தேடிக் கிடைக்காத நிரூபணம் எனக்குப் பன்னிரண்டு நாளில் கிடைத்திருக்கிறது. சோறு மட்டும் குழைந்து போகிறது, அது தத்துவத்தில் சேராது.

வெற்றி பெற்றவன் பெருந்தன்மையாக நடந்துகொள்ள வேண்டும். ஆகவே ஜெயா திரும்பி வரலாம். கோபப்படக்கூடாது என்று நான் சொல்லவில்லை, அது அவள் உரிமை. வீட்டுக்கு வெளியே படட்டும். கொல்லைப்பக்க முந்திரித் தோப்பில் நிழலாகப் பார்த்து ஒரு கல் போட்டு வைத்திருக்கிறேன். கோபம் வந்தால் அங்கே போய் உட்கார்ந்து பட்டுவிட்டு வரலாம். மழைக்குக் குடையும் வாங்கித் தருகிறேன். இதைத் தாங்கள் பக்குவமாக அவளிடம் எடுத்துச் சொல்லவும்.

தங்கள் வீட்டில் பெரியவர்களுக்கு என் கும்பிடு, பிள்ளைகளுக்கு என் ஆசி. எல்லார் வீட்டுச் சுவரும் நின்று நிலைத்து, எல்லார் மனசும் குளிர்ந்து இருக்க தங்கள் ஊர் வைத்தியநாத சுவாமி அருள் புரியட்டும்.

இப்படிக்கு,
வெற்றி பெற்ற,
மா. கண்ணையன்.

பின்குறிப்பு: மேலே எழுதியதை ஜெயாவிடம் படித்துக் காட்ட வேண்டாம். கவரை ஒட்டிக்கொண்டிருந்தேன், மணி ஒன்றரை. வீட்டில் வேறு யாரும் இல்லை. தரை அதிர்ந்தது. வாசல் நிலைக்கு மேலே ஆரம்பித்துக் கூரை வரைக்கும் புதுசாக ஒன்று பிளந்துவிட்டது, ஒட்டின பேப்பர் எல்லாம் கிழிந்து தொங்குகிறது. கருப்பண்ணன் சுவரேறி எட்டிப் பார்த்து, "குழியில மழைத் தண்ணி நின்னுச்சுல்ல, தீபாவளிக்கு மூடினதை இன்னிக்குத்தாண்ணே தொறந்தாங்க"ன்னான். தத்துவம் போனால் போகட்டும் மச்சான், அதைப் பற்றி எனக்கு வருத்தம் இல்லை. சுவர் பிளந்த உடனே என்னையறியாமல் "ஜெயா, இங்க வந்து பாரு"ன்னு கூப்பிட்டுட்டேன். கூப்பிட்டு, பதில் வரும்னு கொஞ்ச நேரம் நின்னுட்டும் இருந்தேன். இந்தக் கவரை இன்று சாயங்காலத் திருமழபாடி பஸ் கண்டக்டர் கையில் கொடுத்தனுப்புகிறேன், நாளைக்குக் காலையில் முதல் பஸ்ஸுக்கு நானே அங்கே வருகிறேன். அவள் எவ்வளவு நேரம் திட்டினாலும் நின்று கேட்டுக்கொள்கிறேன், அவளிடம் மட்டும் முன்கூட்டிச் சொல்லிவிடாதீர்கள்.