குடை சாரும் துளை நாடாவும்

"வெளியிலிருந்து வரும் துளை நாடாவில் ஒரே ஒரு துளையைக் கூடுதலாகப் போடவும் தலைமை அலுவலகத்தின் எழுத்து மூலமான அனுமதி தேவை." எங்கள் தொழிற்சாலையின் விதி இது. நான் அலுவலகக் கண்காணிப்பாளர், விதிகள் மனப்பாடம். விருத்தாசலத்திலேயே அவற்றை மதிக்காத ஒரே மனிதர் குடை சார்.

எழுபதுகளில், பீங்கான் சாமான்களுக்கு உலோக அச்சு வெட்ட ஓர் இயந்திரம் வந்தது. எங்கே போவது, எங்கே வெட்டுவது என்பதைக் காகித நாடாவின் துளைகள் அதற்குச் சொல்லும். நாடா அடித்தது சென்னையில் ஒரு கம்ப்யூட்டர். இங்கே இயந்திரத்தை ஓட்டிய குடை சாருக்குக் கம்ப்யூட்டரில் நம்பிக்கை கிடையாது. முற்றத்தில் வெள்ளைக் களிமண்ணால் அச்சை வரைந்து, துளைகளை விரலால் தடவிப் படித்தபடி, குடை நுனியைக் கோட்டில் இழுத்துக்கொண்டு நடந்து பார்ப்பார். கொளுத்தும் வெயிலிலும் விரிக்க மாட்டார். "வெட்டுற கருவிய யாராச்சும் விரிப்பாங்களா?"

ஒரு வாரத் தொடக்கத்தில் தகவல் வந்தது: வெள்ளியன்று அதிகாரிகள் வருகை. அச்சு வெட்டிக் காட்டாவிட்டால் இயந்திரம் வேறு ஊருக்கு. குடை சார் பழையபடி களிமண் பிரிவுக்கு.

புதன்கிழமை முற்றத்தின் நடுவில் நின்று கத்தினார். "ரூல்ஸு சார்! செத்த வாங்க!"

"என்னங்க?"

"இந்த நாடா மொதக் குழிய வெட்டிட்டு ரெண்டாங் குழிக்குப் போவச் சொல்லுது. குடையத் தூக்கச் சொல்லலியே! அப்படியே கிழிச்சிக்கிட்டுப் போவும்."

"கம்ப்யூட்டரு தப்பு பண்ணுமா?"

"தப்பு இல்லீங்க. இது வேற மிஷினுக்கு எழுதுனது. அது நவுரும்போது தானாத் தூக்கிக்கும். நம்முளுது சொன்னாத்தான் தூக்கும், உங்க ஆபீஸு மாதிரி. கூட நாலு துளை போட்டாப் போதும்."

"அனுமதி வரணும். எழுதுறேன்."

"எழுதுங்க. மிஷினு போற ஊருக்கே பதில் வரட்டும்."

தந்தியே அடித்தேன். கடிதமும் எழுதினேன். வியாழன் மாலை வரை பதில் இல்லை. குடை சார் குடையை மடியில் வைத்துக்கொண்டு முற்றத்தில் உட்கார்ந்திருந்தார். விதிப் புத்தகத்தை மறுபடி புரட்டினேன். அடுத்த பக்கத்தில் இருந்தது, மனப்பாடமாகத் தெரிந்தும் எனக்கு உறைக்காத விதி: கிழிந்த நாடாவுக்குப் பதிலாக, இயந்திரத்துக்கு ஏற்றபடி இங்கேயே கையால் புதிது அடித்துக்கொள்ளலாம், அனுமதி வேண்டாம்.

"எங்க, நாடாவக் காட்டுங்க" என்று வாங்கினேன். இரண்டாகக் கிழித்தேன்.

"ஐயையோ! என்னாங்க பண்றீங்க?"

"கிழிஞ்சிடுச்சு. பதிவேட்டுல எழுதிடுறேன். புதுசு அடிங்க."

வெள்ளியன்று கருவி ஒவ்வொரு குழிக்கும் ஒழுங்காகத் தூக்கிக்கொண்டு போயிற்று. கூடவே குடை சாரும் குடையைத் தூக்கித் தூக்கி வைத்தார். அதிகாரி ஒருவர் இரண்டடி தள்ளி நின்றுகொண்டார். இயந்திரம் ஊரிலேயே தங்கியது.

ஓய்வு பெறும்போது குடையை என்னிடம் கொடுத்துவிட்டுப் போனார். இன்றும் வெயிலில் அதை மடக்கியே பிடித்து நடக்கிறேன். அனுமதி மறுத்துத் தலைமை அலுவலகத்தின் பதிலும் ஒருநாள் வந்தது. படித்துச் சிரிக்க அவர் உயிரோடு இல்லாத முதல் மாசி மகத்தன்று, ஊரே ஆற்றங்கரையில் இறந்தவர்களுக்கு எள்ளும் நீரும் விடும் நாளில்.