வலப்பக்கம் வரவும்

“கொடுத்தியா இல்லையா?”

“கொடுக்கலாம்னுதான் எடுத்துட்டுப் போனேன்.”

“அப்புறம்?”

“கிழிச்சு ஆபீஸ் குப்பைக்கூடையில போட்டுட்டேன்.”

அக்கா சாப்பிடுவதை நிறுத்திவிட்டுத் தம்பியைப் பார்த்தாள். அவள் வக்கீல் அலுவலகத்தில் தட்டச்சு செய்பவள். தற்காலிக ஊழியராக இருந்தாலும் நோயையோ உடல் குறையையோ காரணம் காட்டி நீக்கக் கூடாது, இந்தப் படிவத்தை நிரப்பிக் கொடுத்தால் சட்டம் காப்பாற்றும் என்று அவள்தான் கொண்டுவந்து தந்திருந்தாள். போன வருடம் தலைக்குள்ளிருந்த கட்டியை எடுத்தபோது அவனுடைய இடது காதும் கூடவே போய்விட்டது.

“சட்டம் இருக்குக்கா. வெள்ளிக்கிழமையும் இருக்கே” என்றான்.

வெள்ளிக்கிழமை அவனுடைய ஒப்பந்தம் முடிகிறது. நீட்டிக்கலாமா வேண்டாமா என்று எழுதப்போவது சூப்பர்வைசர் மேடம்.

கூரியர் கிடங்கில், ஆள் இல்லாமல் திரும்பி வந்த பார்சல்களைப் பிரித்து அடுக்குவது அவன் வேலை. யார் பேச வந்தாலும் நைசாக நகர்ந்து வலது காதைக் கொடுத்துவிடுவான். மூன்று மாதமாக ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை. மேடத்திடம் மட்டும் அந்த வித்தை பலிக்கவில்லை. அவன் நகர்ந்தால் அவரும் நகர்ந்து, பிடிவாதமாக இடப்பக்கமே வந்து நிற்பார். ஒருநாள் ஒரே ஒரு கேள்விக்காக இருவரும் பார்சல் வண்டியை மூன்று முறை சுற்றி வந்தார்கள். தெரிந்துவிட்டது, சோதித்துப் பார்க்கிறார் என்று அவன் முடிவுகட்டினான்.

செவ்வாயன்று மேஜையைத் தள்ளி, தன் இடப்பக்கம் சுவர் வருகிற மாதிரி ஒட்டிப் போட்டான். மேடம் வந்து அந்தச் சுவரைக் கொஞ்ச நேரம் முறைத்தார். மாலைக்குள், வெளிச்சம் போதவில்லை என்று மேஜையை எதிர்ச்சுவருக்கு மாற்ற வைத்துவிட்டார். இப்போது அவனுடைய நல்ல காது சுவரோடு பேசிக்கொண்டிருந்தது.

புதனன்று இடது காதில் பஞ்சை அடைத்துக்கொண்டு, சளியால் காதுவலி என்றான்.

“காதா?” மேடத்தின் முகம் வெளுத்துவிட்டது. “காதுன்னா ஆபீஸ்ல சும்மா விடமாட்டாங்க. டாக்டர் சர்டிபிகேட் கேப்பாங்க.”

வியாழனன்று பஞ்சை எடுத்துவிட்டு, வலி போய்விட்டது என்றான். அப்படியானால் போய்விட்டது என்பதற்கு ஒரு சர்டிபிகேட் வேண்டும் என்று பதில் வந்தது. கூடையைக் கொட்ட வந்த பெருக்குகிற அம்மா, இந்த ஆபீஸில் பேப்பரைக் கிழிப்பதற்கென்றே சம்பளம் தருகிறார்கள் போல என்று முணுமுணுத்துக்கொண்டே போனாள்.

வெள்ளிக்கிழமை வந்தது. அக்கா சட்டைப்பையில் திணித்துவிட்ட இரண்டாவது படிவம் வியர்வையில் நனைந்துகொண்டிருந்தது. மேடம் தன் அறைக்குக் கூப்பிட்டார். கையில் அவனுடைய ஒப்பந்தம். இதில் ஒரு வரியை உங்களுக்குப் படித்துக் காட்ட வேண்டும், பக்கத்தில் வாருங்கள் என்றார்.

அவன் வலது காதைக் கொடுத்து நின்றான். மேடம் எழுந்து அவனைச் சுற்றிக்கொண்டு இடப்பக்கம் வந்தார். அவன் பணிவாகப் பின்வாங்கி, மறுபடி இடம் மாறினான். மேடம் நாற்காலியைத் தாண்டி வந்தார். அவன் மேஜையைச் சுற்றிக்கொண்டு போனான். தரையைத் துடைத்துக்கொண்டிருந்த பெருக்குகிற அம்மா ஒவ்வொரு சுற்றுக்கும் துடைப்பானைத் தூக்கி வழிவிட்டாள். நான்காவது சுற்றில் துடைப்பானைச் சுவரில் சாய்த்தாள்.

“கொஞ்சம் நிக்கிறீங்களா ரெண்டு பேரும்?”

நின்றார்கள்.

“கூடையைக் கொட்டுறவ நான், அதான் சொல்றேன். மேடமும் உங்கள மாதிரி டெம்பரவரிதான் தம்பி. அவங்க வருசா வருசம் கிழிச்சுப் போடுற ஃபாரத்துலயும் இடது காது கேக்காதுன்னுதான் எழுதியிருக்கு. இன்னிக்காவது ரெண்டு பேரும் கிழிக்காம, ஒண்ணா கொண்டுபோய்க் கொடுத்துடுங்களேன்?”