பெண் பார்க்கப் போன கள்ளிப்பூச்சி

பெண் பார்க்கப் போகும்போது பையில் பூச்சி கொண்டுபோகக் கூடாது. இதை எனக்கு யாரும் சொல்லவில்லை. சொல்லவேண்டி வரும் என்று யாருக்கும் தோன்றியிருக்காது.

மதுரையைச் சுற்றிச் சப்பாத்திக்கள்ளி மண்டிக் கிடந்த காலம். இந்த மாதிரிக் கள்ளியை ஒழிக்க, வெளிநாட்டில் ஒரு அந்துப்பூச்சியை ஏவிவிட்டிருந்தார்கள். எங்கள் விவசாய இலாகாவுக்கு வந்ததோ வேறொரு பூச்சி. கள்ளி மடலில் பஞ்சு ஒட்டியதுபோல அசையாமல் உட்கார்ந்து சாறு உறிஞ்சும். (என் மேலதிகாரிக்கும் அதே சுபாவம்.) பூச்சி பிடித்த மடலைக் கொண்டுபோய் நல்ல கள்ளிமேல் போட்டுவிட்டு வருவதுதான் என் உத்தியோகம்.

சமயநல்லூரில் பெண் பார்க்க ஏற்பாடானதும், அங்கேயும் கள்ளி இருப்பது ஞாபகம் வந்தது. ரயிலைவிட்டு இறங்கி, தண்டவாளத்தை ஒட்டிய புதரில் மடல்களைப் போட்டேன். அவசரத்தில் கையைப் பார்க்காமலே கைக்குட்டையில் துடைத்துக்கொண்டு, மிஞ்சிய ஒரு மடலோடு என் மாமாவின் பின்னால் நடந்தேன்.

பெண்ணின் அப்பா மிஷன் பள்ளிக்கூட வாத்தியார். முறுக்கு வந்தது. கடித்தேன், புரையேறியது. இருமி இருமி வாயைத் துடைத்துவிட்டுப் பார்த்தால், கைக்குட்டை முழுக்கச் சிவப்பு. அந்தப் பூச்சி நசுங்கினால் அசல் ரத்தம் மாதிரி இருக்கும் என்பது அங்கே எனக்கு மட்டும்தான் தெரியும்.

காசநோய்க்கு மருந்தில்லாத காலம் அது. வாத்தியார் நாற்காலியைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார்.

“எம்புட்டு நாளா இருமல், தம்பி?”

மாமா உதவிக்கு வந்தார். “சின்னப் பிள்ளையிலருந்தே இப்படித்தான் சார். சாப்பிட உக்காந்தாலே வந்துரும்.”

“ஐயோ, இது பூச்சி சார்!” என்றேன்.

“வயித்துல பூச்சி வேறயா?” என்றார் வாத்தியார்.

நிரூபித்தே தீர்வது என்று பையிலிருந்த மடலை எடுத்து, அவர்கள் வீட்டு வெள்ளை மேசைவிரிப்பின்மேல் வைத்து, ஒரு பூச்சியை நசுக்கிக் காட்டினேன். விரிப்பு சிவந்தது. பெண்ணின் அம்மா முறுக்குத் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

அதுவரை தலை குனிந்து நின்ற பெண், ஞானம்மா, மேசைக்கு வந்தாள். முள்ளில் படாமல் ஒரு பூச்சியைக் கிள்ளி எடுத்து, விரலில் தேய்த்துப் பார்த்தாள்.

“அப்பா, நீங்க நோட்டுத் திருத்துற மையவிட இது நல்லாருக்கு.”

வாத்தியார் சிரிக்கவில்லை. “டாக்டர்ட்ட நெஞ்சக் காட்டி எழுதி வாங்கிட்டு வாங்க. பிறகு பேசுவோம்.”

டாக்டர் நெஞ்சைத் தட்டிப் பார்த்து, உள்ளே ஒன்றும் இல்லை என்று எழுதிக் கொடுத்தார். (தலையைத் தட்டியிருந்தாலும் அதையேதான் எழுதியிருப்பார்.) கல்யாணம் நடந்தது.

இன்றைக்கும் நான் இருமினால் வீட்டில் யாரும் பதறுவதில்லை. ஞானம்மா அடுப்படியிலிருந்தே கேட்பாள்: “நெஞ்சா, பூச்சியா?”

நெஞ்சு என்றால் டாக்டர் சீட்டு கேட்பாள்; பூச்சி என்று சொன்னால்தான் தண்ணீர் வரும்.