படுதா போட்ட ஆபீஸ்

பயம் வந்தால் போய் நிற்பதற்கென்று ஓர் ஆபீசில் தனி இடம் கட்டிய மனிதர், எனக்குத் தெரிந்து இந்தப் பூமியில் ஒருவர்தான். அவர் அம்பத்தூர் எஸ்டேட்டில் இருக்கிறார். பெயர் படுதா. ஆதார் அட்டையில் வேறு ஏதோ போட்டிருக்கும். அந்தப் பெயரில் கூப்பிட்டால் அவரே திரும்பிப் பார்க்க மாட்டார்.

ஆவடிப் பக்கம் ஒரு மாதா கோயிலில் தவக்காலம் வந்தால் ஏசு சிலுவையில் பட்ட பாடுகளைச் சொல்லும் பாஸ்கா நாடகம் போடுவார்கள். இருபது வருஷமாக அதில் படுதா இழுப்பவர் இவர். நடிகர்கள் வசனம் மறந்தால் மறைவில் நின்று எடுத்துக் கொடுப்பவரும் இவர்தான். ஆனால் மேடையேறியதில்லை. யூதாஸ் வேஷக்காரருக்கு அம்மை போட்ட வருஷம் ஃபாதர் கெஞ்சிப் பார்த்திருக்கிறார்.

"நம்ம வேல கவுறு இழுக்கறது ஃபாதர். காட்டிக் குடுக்கறதுக்கு வேற ஆளப் பாருங்கோ" என்று சொல்லிவிட்டாராம்.

எங்கள் கம்பெனி கார் உதிரி பாகங்களுக்கு வரைபடம் போட்டுத் தரும் கம்பெனி. நான் அப்போது அங்கே ஒரு டீம் லீடர். படுதாவுக்கு அட்மின் வேலை. ஏசி ஓடாவிட்டால், தண்ணீர் கேன் வராவிட்டால், லிஃப்டில் யாராவது மாட்டிக்கொண்டால் எல்லோரும் கூப்பிடுவது அவரைத்தான்.

நசரத்பேட்டை மாடியில் நெருக்கியடித்துக்கொண்டிருந்த எங்களை அம்பத்தூரில் ஒரு காலி ஷெட்டுக்கு மாற்ற எம்.டி. முடிவு செய்தார். எங்கள் எம்.டி. அநியாயத்துக்கு நல்லவர். யாரையாவது திட்ட வேண்டுமென்றால்கூட முதலில் "சாப்ட்டியாப்பா?" என்று கேட்பார். கேட்டுவிட்டுத் திட்ட மறந்துவிடுவார். புது ஆபீசுக்கு ஒரு டிசைனர் வரைந்து கொடுத்த படத்தை அவர் பெருமையாக விரித்துக் காட்டினார். எங்கே பார்த்தாலும் கண்ணாடி. தண்ணீர் கேனோடு உள்ளே வந்த படுதா எட்டிப் பார்த்தார்.

"இன்னா சார் இது, ஆபீசா மீன் தொட்டியா?"

"ஏம்பா, மாடர்னா இருக்கே?"

"காலைல ஒம்போது மணிலேர்ந்து எல்லாரும் மேடை மேலயே கீறாங்கோ சார். எம்மாம் பெரிய நடிகனா இருந்தாலும் சீன் முடிஞ்சா உள்ள போவணும்ல? இதுல உள்ளன்னு ஒரு எடமே இல்லியே."

எம்.டி. படத்தைத் தன் பக்கம் திருப்பி ஒரு தடவை பார்த்தார். பிறகு அதைச் சுருட்டி வைத்துவிட்டு, "சரி, நீயே பண்ணு" என்றார். டிசைனர் இன்றைக்கும் எங்கள் மேல் கோபமாக இருப்பார் என்று நினைக்கிறேன்.

அடுத்த வாரம் முழுவதும் நாங்கள் வரைபடம் போடவில்லை, நடந்தோம். படுதா காலி ஷெட்டில் சாக்பீசால் கோடு போட்டு, மேசை இருக்கப்போகிற இடத்திலெல்லாம் ஆளை நிறுத்தி, "எந்தப் பக்கமா வர்றே, எந்தப் பக்கமா போறே?" என்று கேட்டுக் கேட்டு நடக்கவிட்டார். எச்.ஆர். ஸ்டெல்லா மேடத்தைக் கோபமாக ஒரு தடவை, சிரித்துக்கொண்டு ஒரு தடவை நடக்கச் சொன்னார்.

"மேடம், கோவத்துல நீங்கோ சுருக்கா நடக்கறீங்கோ. உங்க மேசைக்கும் டீ மேசைக்கும் நடுவுல தூரத்த ஜாஸ்தி பண்ணணும். அப்பதான் டீ கொட்டாது."

ஸ்டெல்லா மேடம் மூன்று நாள் அவரோடு பேசவில்லை. டீ மட்டும் நான் அங்கே இருந்தவரை கொட்டவில்லை.

வெளிச்சத்துக்கு டார்ச் லைட்டை எடுத்துக்கொண்டு ஒவ்வொருவர் முகத்திலும் அடித்துப் பார்த்தார். "லைட் மூஞ்சில உழணும் நைனா, சொட்டைல இல்ல" என்று என் மேசையை மட்டும் நாலு முறை நகர்த்தினார். எம்.டி. அறையில் விளக்கை எதிர்ச்சுவரில் வைத்தார். மறுநாளே எம்.டி. பத்து வயசு குறைந்து காணப்பட்டார். அதற்கப்புறம் படுதா கேட்டதை அவர் மறுத்ததாக எனக்கு நினைவில்லை.

ஆனால் எங்கள் வாயைப் பிளக்க வைத்தது வேறு. எம்.டி. அறைக்கும் மீட்டிங் நடக்கும் ஹாலுக்கும் இடையில் ஆறடிக்கு நாலடியில் ஒரு மறைவு. அதற்கு அவர் வைத்த பெயர் விங், அதாவது நாடக மேடையின் ஓரத்தில் நடிகர்கள் மறைந்து காத்து நிற்கிற இடம். கோயிலில் கழித்துப்போட்ட மெரூன் நிறப் படுதா ஒன்றைக் கேட்டு வாங்கி வந்து ஹால் பக்கம் தொங்கவிட்டார். அதில் மெழுகுவர்த்தி உருகி விழுந்த கறை அப்படியே இருந்தது. உள்ளே ஒரு கண்ணாடி, ஒரு ஸ்டூல், ஒரு சொம்பு தண்ணீர். பின்பக்கம் தனியாக ஒரு கதவு.

"கதவு எதுக்கு அண்ணாத்தே?"

"அயுதுட்டு வர்றவன் எல்லார் எதிர்லயும் நடந்து வரணுமா?"

முதல் மாதம் நாங்கள் அதை வைத்துக் கலாய்க்காத நாளில்லை. இரண்டாவது மாதம் என் முறை வந்தது.

என் டீம் போட்ட வரைபடத்தில் ஒரு துளை இடம் மாறிப்போயிருந்தது. அதை நம்பிச் செய்த உருப்படிகள் அத்தனையும் குப்பைக்குப் போயின. கஸ்டமர் நேரிலேயே வந்து ஹாலில் உட்கார்ந்திருந்தார். நான் மூன்று பக்கத்துக்குச் சாக்குகளைத் தயார் செய்துகொண்டு விங்குக்குள் நின்றேன். கண்ணாடியில் தெரிந்த ஆளை நானே நம்பவில்லை. படுதா பின்கதவு வழியாக வந்து தண்ணீர் கொடுத்தார்.

"மறந்துட்டா எடுத்துக் குடுங்க அண்ணாத்தே."

"மொத வார்த்த நான் குடுப்பேன். ரெண்டாவது உன்னுது. ரெண்டையும் நானே குடுத்தா அப்பால நீ இன்னாத்துக்கு?"

வெளியே போனேன். கஸ்டமர் முகத்தைப் பார்த்ததும் மூன்று பக்கமும் மறந்துபோனது.  அப்போது தொங்கிய மெரூன் துணிக்குப் பின்னாலிருந்து, எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி ஒரு குரல் வந்தது.

"தப்பு."

"தப்பு எங்களுதுதான் சார்" என்று என் வாய் சொன்னது. அதற்கப்புறம் வந்ததெல்லாம் உண்மை. சண்டைக்கென்றே தயாராக வந்திருந்த கஸ்டமருக்குப் பேச வசனமே இல்லாமல் போய்விட்டது. ஆர்டர் தங்கியது. அன்றைக்கு விங்கின் கண்ணாடியில் முகம் துடைத்துக்கொண்டபோது, இந்த மனிதர் சாதாரண ஆள் இல்லை என்று எனக்குப் புரிந்தது. அதன்பிறகு யாரும் கலாய்க்கவில்லை. சில நாட்களில் விங்குக்கு வரிசையே நின்றது.

இந்த நிலையில்தான் புது ஜி.எம். வந்தார். கையில் எப்போதும் ஒரு டேப் வைத்திருப்பார். விங்கை நீளத்திலும் அகலத்திலும் அளந்தார்.

"இந்த இடத்தில் ரெண்டு மேசை போடலாம். இந்தப் படுதாத் துணிய எடுங்க."

"விங்கு போனா நானும் போயிடறேன் சார்" என்றார் படுதா. குரலை உயர்த்தவில்லை. அதனாலேயே அவர் உண்மையாகத்தான் சொல்கிறார் என்று எல்லோருக்கும் புரிந்துவிட்டது.

ஜி.எம். எம்.டி.யைப் பிடித்துக் கரைத்துவிட்டார். வெள்ளிக்கிழமை நாலு மணிக்கு ஹாலில் எல்லோரையும் கூட்டி, விங்கை எடுக்கப்போவதை எம்.டி.யே அறிவிப்பது என்று ஏற்பாடானது. அதற்கு முன்னால் படுதா இரண்டு நிமிஷம் பேசலாம் என்று ஒரு சலுகையும் கிடைத்தது. இருபது வருஷம் மறைவில் நின்றவருக்கு!

வெள்ளிக்கிழமை மணி நாலு. எம்.டி.யைக் காணோம். பூந்தமல்லி டிராஃபிக்கில் மாட்டியிருப்பார் என்றார்கள். "நீங்க ஆரம்பிங்க" என்றார் ஜி.எம். படுதா இஸ்திரி போட்ட சட்டையில் ஹாலின் நடுவில் வந்து நின்றார். அவர் வைத்த விளக்கு அவர் முகத்திலேயே விழுந்தது. வாய் திறந்தது. சத்தம் வரவில்லை.

ஒரு நிமிஷம் ஆனது. ஸ்டெல்லா மேடம் கைக்குட்டையை முறுக்கிக்கொண்டிருந்தார். ஓடிப்போய் நான் ஒரு வார்த்தை எடுத்துக் கொடுத்திருக்க வேண்டும். எந்த வார்த்தை என்று தெரியவில்லை. ஜி.எம். கடிகாரத்தைப் பார்த்தார்.

மெரூன் படுதாவுக்குப் பின்னாலிருந்து மெதுவாக ஒரு குரல் வந்தது.

"பயம்."

படுதாவின் தோள் இறங்கியது. பேச ஆரம்பித்தார்.

"பயம் எல்லாருக்கும் வரும் சார். செருப்பக் கழட்டி வெக்க வாசல்ல எடம் உடறோம்ல? அதும்மாதிரி இதையும் கழட்டி வெக்க ஒரு எடம் வேணும். அம்மாந்தான்."

 பிறகு எல்லோருடைய கண்ணும் ஒரே இடத்துக்குப் போனது. மெரூன் படுதாவின் அடியில் இரண்டு பிரவுன் ஷூ தெரிந்தது. ஜி.எம். போய் அந்தத் துணியை விலக்கினார். ஸ்டூலுக்குப் பக்கத்தில், கையில் காகிதத்தோடு, வியர்த்து விறுவிறுத்து நின்றுகொண்டிருந்தார் எம்.டி.

"அது ஒண்ணுமில்லப்பா, விங்க எடுக்கப்போறோம்னு சொல்லணும். வெளிய வர தைரியம் இல்ல. அரை மணி நேரமா இங்கயே நிக்கறேன்."

ஜி.எம். கண்ணாடியைப் பார்த்தார், காலியான சொம்பைப் பார்த்தார், எம்.டி.யைப் பார்த்தார். டேப்பைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டார். அவரும் மனிதர்தானே. கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆனது. படுதா மட்டும் தட்டவில்லை. எம்.டி.யின் காலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"சார், மறைவுல நிக்கறவன் ஷூ வெளிய தெரியக் கூடாது. பாஸ்கால இப்டி நின்னீங்கோன்னா ஃபாதர் எறக்கி உட்ருவாரு."

திங்கட்கிழமை மெரூன் படுதாவின் அடியில் ஒரு சாண் துணி சேர்த்துத் தைத்திருந்தது.

இப்போது நான் வேறு கம்பெனியில் இருக்கிறேன். சுற்றிலும் கண்ணாடி. மீட்டிங்குக்கு முன்னால் மாடிப்படித் திருப்பத்தில், தீயணைப்பு வாளிக்குப் பக்கத்தில் போய்க் கொஞ்ச நேரம் நிற்பேன். இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்தபோதும் கை ஓடவில்லை. அவ்வளவு பெரிய மனிதரை எங்கிருந்து தொடங்குவது? படுதாவுக்கே போன் போட்டேன்.

"உங்களப் பத்திதான் எழுதறேன் அண்ணாத்தே. ஆரம்பமே வரல."

ஒரே ஒரு வார்த்தை சொல்லிவிட்டு வைத்துவிட்டார். அதைத்தான் மேலே, தலைப்புக்கு அடுத்து, கட்டுரையின் முதல் வார்த்தையாகப் போட்டிருக்கிறேன். இரண்டாவது வார்த்தையிலிருந்து ஏதாவது குறை இருந்தால் அது என்னுடையது.