தண்டல் பொடிக்கு நான் எழுதிய நாற்பது வார்த்தைகள்

பத்துபஸ்தி,
போர்ட் பிளேர்.
(ஊருக்கு வைத்த புதுப்பெயர் இன்னும் கைக்கு வரவில்லை.)

அன்பும் மரியாதையும் உள்ள இந்திராணி அத்தைக்கு,

உங்கள் தம்பி மகன் அருண்பிரசாத் எழுதுவது. இங்கு நானும் அப்பாவும் நலம். மாயாபந்தரில் நீங்களும் ரூபாவும் நலமா என்று கேட்க வேண்டும். கேட்கும் உரிமை என்னிடம் மிச்சமிருக்கிறதா, தெரியவில்லை. கடிதத்தின் முறை என்பதால் கேட்டுவிடுகிறேன்.

முப்பத்தெட்டு நாட்களாக நீங்கள் போனை எடுக்கவில்லை. மணி போகிறது. என் பெயரைப் பார்த்துவிட்டு, மல்லி காயும் முறத்துக்குப் பக்கத்தில் நீங்கள் போனைக் கவிழ்த்து வைப்பது இங்கிருந்தே எனக்குத் தெரிகிறது. அதனால்தான் தாள். தாளைக் கவிழ்த்து வைத்தால் பின்பக்கத்திலும் எழுதியிருப்பேன்.

மாதம் ஒரு முறை பஸ் டிரைவர் கையில் வரும், உங்கள் பொடி அடைத்த பழைய ஜாம் பாட்டிலும் நின்றுவிட்டது. நேற்று உப்பும் மஞ்சளும் மட்டும் போட்டு ஒரு துண்டு சூரை மீனை வறுத்து வைத்தேன். அப்பா அதைத் திருப்பிப் பார்த்தார். "இது மீனா, மாத்திரையா?" என்றார். பிறகு தண்ணீரோடு விழுங்கினார்.

எல்லாம் என் தப்பு. எங்கே தொடங்கியது என்பதை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

எனக்கு எழுதத் தெரியும் என்று நீங்கள் நம்பினீர்கள். அங்கே தொடங்கியது.

போர்ட் பிளேரில் மகளிர் குழுக்களின் உணவுக் கண்காட்சி என்றார்கள். கடை போடுகிற ஒவ்வொரு பொருளுக்கும் லேபிள் வேண்டும். பெயர், சேர்மானம், உபயோகம், வரலாறு. முதல் மூன்றையும் போனில் நான்கு நிமிடத்தில் சொல்லி முடித்தீர்கள். பெயர்: தண்டல் பொடி. சேர்மானம்: மிளகாய், மல்லி, மிளகு, ஓமம். இவை நம்முடையவை. செலரிக் கீரை மாதிரி மணக்கும் அந்தச் சின்ன விதை, ராந்துனி, எதிர்வீட்டு வங்காளி அம்மா கொடுத்தது. காய்ந்த குடம்புளி, கோழிக்கோட்டு டீச்சர் வீட்டிலிருந்து. வறுத்து இடித்த சென்னாக்கூனி இறால், பர்மாவிலிருந்து வந்து வேபி கிராமத்தில் குடியேறிய கரேன்காரர்கள் கற்றுத்தந்தது. ஏன் இத்தனை என்று கேட்டேன். "கப்பல் வரலைன்னா மல்லி கிடையாது. மல்லி இல்லைன்னா மீனைத் தூக்கிப் போட்டுருவியா? பக்கத்து வீட்ல என்ன இருக்கோ அதைப் போடு" என்றீர்கள். நான் அதைக் குறித்துக்கொள்ளவில்லை. சமையல் குறிப்பு என்று நினைத்தேன்.

உபயோகம் என்ற இடத்துக்கு, "மீனுக்கு" என்றீர்கள். வேறு? "நண்டுக்கு, இறாலுக்கு, கணவாய்க்கு, மாங்காய்க்கு, வாந்திக்கு." வாந்தியை எடுத்துவிட்டு 'கப்பல் பயணத்துக்கு' என்று மாற்றினேன். அந்த லேபிளில் நான் செய்த ஒரே நல்ல காரியம்.

வரலாற்றுக்கு நீங்கள் தந்தது இவ்வளவுதான்: "எங்க கோவிந்தராஜ் தாத்தா தண்டலா இருந்தாரு. அவரு கைப்பொடி. மீதி நீ படிச்சவன், போட்டுக்க."

மீதி. அந்த ஒரு சொல்.

புதுச்சேரியில் வரலாறு படித்தபோது நூலகத்தில் ஒரு தடிப் புத்தகம் இருந்தது. தண்டனைக் குடியேற்றக் காலத்தில் கைதிகளை மேய்க்க, கைதிகளிலிருந்தே ஒருவனை நியமிப்பார்கள். அவனுக்கு 'டிண்டல்' என்று பதவி. அதைப் படித்த நினைவு மட்டும் இருந்தது. டிண்டல், தண்டல். ஆக, தாத்தா கைதி. சொல்ல வெட்கமாக இருக்கிறது அத்தை, எனக்குச் சந்தோஷமாக இருந்தது. வகுப்பில் எல்லோருக்கும் ஊரில் ஒரு கோயில், ஒரு கல்வெட்டு, ஒரு வழக்கு இருந்தது. எனக்கு டாப்பு என்று நாம் சொல்கிற இந்தத் தீவு. ஒரு கப்பல் ஜெட்டி. இப்போது ஒரு கைதியும் கிடைத்துவிட்டார்.

நாற்பது வார்த்தைகளுக்கு இடம். இங்கிலீஷில் எழுதினேன். கைதிகளை மேய்த்த கைதி. விலங்கின் ஓசைக்கு நடுவே அம்மி. தீவின் கசப்பை மிளகாயில் அரைத்தவர். அந்தக் கடைசி வரியை எழுதிவிட்டு இரண்டு நாள் என்னை நானே மெச்சிக்கொண்டிருந்தேன். உங்கள் பொடியில் கசப்பே கிடையாது. வெந்தயம்கூட நீங்கள் போடுவதில்லை.

போன் கையில்தான் இருந்தது. ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

அதற்குப் பிறகு நடந்ததை நிறுத்தி நிறுத்திச் சொல்ல முடியாது, ஒரே மூச்சில் சொல்கிறேன்: அபர்டீன் பஜாரில் அச்சுக்கடைக்காரர் ஹிந்தியிலும் பெயர் இருந்தால்தான் ஓடும் என்று சொல்லி, தண்டலை அவருக்குத் தெரிந்தபடி அடித்ததில் அது 'தண்டா மசாலா', அதாவது குளிர்ந்த மசாலா, ஆகிவிட்டது, நான் பிழை பார்க்கிறேன் பேர்வழி என்று இங்கிலீஷில் காற்புள்ளியைத் தேடிக்கொண்டிருந்தேன், மாதிரிக்காகப் பக்கத்துக் கடையில் வைத்த பத்துப் பாக்கெட்டையும் அந்தக் கடைக்காரர் குளிர்ச்சி தரும் ஏதோ சரக்கு என்று ஃப்ரிட்ஜில் நன்னாரி சர்பத்துக்குப் பக்கத்தில் அடுக்கிவிட்டார், ஒரு தெலுங்கு அம்மாள் அதை வாங்கிப்போய் வெயிலுக்கு இதமாக மோரில் கலந்து வீட்டுக்காரருக்குக் கொடுத்துவிட்டு, மறுநாள் பாக்கெட்டோடு கடைக்கு வந்து, அச்சுக்கடையைக் கேட்டு, என் வீட்டைக் கேட்டு, பத்துபஸ்திக்கே ஆட்டோவில் வந்து இறங்கி, அப்பாவிடம் ஹிந்தியில் ஒரே ஒரு கேள்வி கேட்டார், உங்கள் மோரில் கூனி இறால் போடுவீர்களா என்று, அப்பா இல்லை என்று சொல்லிவிட்டு அவருக்கு ஒரு டம்ளர் தண்ணீர் கொடுத்தார், அதோடு அது முடிந்திருந்தால் நான் இந்தக் கடிதத்தை எழுத வேண்டியிருக்காது.

கண்காட்சி நாள். நீங்கள் அறிந்ததையே திரும்பச் சொல்கிறேன். நான் இதைத் தினமும் திரும்பப் பார்க்கிறேன், அதனால்.

பன்னீர்செல்வமும் அவர் மனைவியும் அருப்புக்கோட்டையிலிருந்து விமானத்தில் வந்திருந்தார்கள். மகனுக்கு ரூபாவைப் பேச. சும்மா கடை பார்ப்பது போல வந்து பெண்ணைப் பார்ப்பது என்று ஏற்பாடு. பெயர்ப்பலகையிலேயே முதல் தடை. அவர்கள் ஊரில் தண்டல் என்றால் தினவட்டி. "வட்டிக்கு விடுற குடும்பமா நீங்க?" என்று சிரித்துக்கொண்டேதான் கேட்டார். தாத்தா படகில் தண்டல், மற்ற ஆட்களுக்கெல்லாம் தலைவர் என்று நீங்கள் விளக்கினீர்கள். அவர் முகம் தெளிந்தது. எனக்கு மட்டும் அது காதில் விழவில்லை. விழுந்தது, நீங்கள் கௌரவத்துக்காகச் சொல்கிறீர்கள் என்று நினைத்தேன். படித்தவன் அல்லவா.

நீங்கள் கொடுவா மீன் பொரிக்கப் பின்பக்கம் போனீர்கள். நான் டீ வாங்கப் போனேன். திரும்பி வந்தபோது ரூபா கையில் ஒரு பாக்கெட். அவள் பந்தல் துணியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பன்னீர்செல்வம் என்னைப் பார்த்தார்.

"தம்பி, இதுல இருக்கறது நீங்க எழுதினதா?"

"ஆமாங்க" என்றேன். பெருமையாகச் சொன்னேன். அதை நினைத்தால் இப்போதும் காது சுடுகிறது.

"கொலை பண்ணிட்டு வந்தவரா?"

நான் கொலை என்று எழுதவில்லை, அத்தை. கைதி என்றுதான் எழுதினேன். மெயின்லேண்ட்காரர்களுக்கு இந்தத் தீவு என்றாலே ஒரு கொலையாவது வேண்டும், மீதியை அவரே போட்டுக்கொண்டார் என்று நினைத்தேன். மறுக்க வாயைத் திறந்தேன். டீ தளும்பியது. அவர் மனைவி ஒரு வாய் குடித்துவிட்டு டம்ளரைக் கீழே வைத்தார். கண்ணாடியைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டே அவ்வளவு பொடி எழுத்தைப் படித்துவிட்டாரே மனிதர் என்று எனக்கு ஓர் அற்ப வியப்பு. என் எழுத்தைக் கவனமாகப் படித்த முதல் ஆள் என்று, எத்தனை கேவலம், ஒரு நொடி நன்றிகூட இருந்தது.

நீங்கள் பொரித்த மீனோடு வந்தபோது அவர்கள் நாற்காலி காலி. விஷயத்தை நான்தான் சொன்னேன். நீங்கள் தட்டைக் கீழே வைத்தீர்கள். ருசி பார்க்க வைத்த பாட்டில்களை ஒவ்வொன்றாக மூடினீர்கள். ஒரே ஒரு பேச்சு.

"எங்க தாத்தா கடல்ல சுத்துன மனுஷன்டா. நீ அவரை ஜெயில்ல போட்டுட்ட."

அப்போதும் நான் நம்பவில்லை. போன வாரம்தான் ஜெட்டிக்குப் போனேன். அங்கே ஃபெர்ரியில் வேலை பார்க்கும் ரவிக்குமாரிடம், பழைய காலத்தில் தண்டல் என்றால் என்ன என்று கேட்டேன்.

"பழைய காலமா? அரே பாய், நானே தண்டல்தான்" என்றார். "என்னைப் பாத்தா ஜெயில்ல இருந்து வந்தவன் மாதிரியா இருக்கு? டீக் ஸே பாத்துச் சொல்லு."

நான் பார்த்தேன். கயிறு சுற்றிக் காய்த்துப்போன கை. இடுப்பில் சாவிக்கொத்து. வெற்றிலை. அவர் டிபன் பாக்ஸில் மீன். இந்தச் சொல் புத்தகத்திலிருந்து இறங்கி, என் வீட்டிலிருந்து இரண்டு பஸ் தூரத்தில் தினமும் சம்பளத்துக்கு வேலை பார்த்துக்கொண்டிருந்திருக்கிறது. நான் புதுச்சேரியில் போய் அதைத் தேடியிருக்கிறேன்.

தாத்தா நீங்கள் சொன்ன ஆள்தான். மன்னியுங்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ரூபா எனக்கு முறைப்பெண், அவளை விட மனமில்லாமல் வேண்டுமென்றே கெடுத்தேன் என்று மாயாபந்தர் ஜெட்டி வரை பேச்சாம். நீங்களும் அதை நம்புகிறீர்கள் என்று அப்பா சொன்னார். அத்தை, நான்காம் வகுப்பில் ரூபா எனக்கு வைத்த பெயர் 'ஈர அப்பளம்'. கண்காட்சியன்று காலையிலும் அப்படித்தான் கூப்பிட்டாள். சதி செய்கிற காதலனை யாரும் அப்படிக் கூப்பிடுவதில்லை.

காலி பாக்கெட்டுகளில் ஒட்டி வைத்திருந்த மிச்ச லேபிள்களைத் தண்ணீரில் ஊறவைத்து உரித்துவிட்டேன். கோந்து நல்ல கோந்து. என் வாக்கியங்கள்தான் முதலில் கரைந்தன. புது லேபிளுக்கு ஒரே வரி யோசித்து வைத்திருக்கிறேன்: 'கப்பல் வராத நாட்களில், பக்கத்து வீடுகளில் இருந்ததை வாங்கி இடித்தது.' நீங்கள் அன்று போனில் சொன்னதுதான். அதுதான் வரலாறு என்று எனக்குப் புரிய ஒரு கல்யாணம் நிற்க வேண்டியிருந்தது. பன்னீர்செல்வத்தின் முகவரியை அனுப்புங்கள். தாத்தாவை நானே எழுதி விடுதலை செய்கிறேன். அவர்கள் திரும்பி வந்தாலும் வருவார்கள்.

உங்கள் முழங்கால் வலி குறையட்டும். மல்லி காயும்வரை மழை பொறுக்கட்டும். சென்னைக் கப்பல் சொன்ன தேதிக்கு வரட்டும். ரூபாவுக்கு இதைவிட நல்ல இடமாக, மெயின்லேண்டிலேயே, சீக்கிரம் அமையட்டும். அப்பா தன் அன்பைச் சொல்லச் சொன்னார். மீன் வாயில் இருந்ததால் தலையை மட்டும் அசைத்தார்.

இப்படிக்கு,
உங்கள் தாத்தாவை ஜெயிலில் போட்ட
அருண்பிரசாத்

பி.கு. உறையை ஒட்டப் போகிற நேரத்தில் மாயாபந்தர் பஸ் டிரைவரிடமிருந்து போன். பார்சல் இருக்கிறது என்றார். ஓடினேன். ஜாம் பாட்டில். நீங்கள் மன்னித்துவிட்டீர்கள் என்று பஸ் ஸ்டாண்டிலேயே கண் கலங்கி, அதை ஒரு ஆட்டோக்காரர் பார்த்தும்விட்டார். வீட்டுக்கு வந்து திறந்தால், பொடிக்கு மேலே பிளாஸ்டிக் கவரில் ஒரு சீட்டு. ரூபாவின் கையெழுத்து. அப்படியே எழுதுகிறேன்:

"ஈர அப்பளத்துக்கு. அம்மா குளிக்கிற நேரத்துல எடுத்தது, அவங்களுக்குத் தெரியாது. நீ ரொம்ப அழுவுறியாம், மாமா சொன்னாரு. அழாத. உன் லேபிளை அந்த மனுஷன் படிக்கவே இல்ல. கண்ணாடி போடச் சோம்பல்பட்டு, என்னம்மா எழுதியிருக்குன்னு என்கிட்ட கேட்டாரு. நான்தான் தமிழ்ல சொன்னேன். கைதின்னு பாத்தேன், பத்தாதுன்னு தோணுச்சு, கொலைய நான் சேத்துக்கிட்டேன். ரெண்டு கொலை. எனக்கு மெயின்லேண்ட் போக இஷ்டம் இல்ல. இங்க ஆபீஸ்ல வேலை பெர்மனென்ட் ஆகப் போகுது. அம்மாகிட்ட நேரம் பாத்து நானே சொல்றேன். அதுவரைக்கும் நீ தாங்கு. உன்னையும் கட்டிக்கிறதா இல்ல, பயப்படாத."

ஆக, என் நாற்பது வார்த்தைகளை இந்தத் தீவில் ஒருவரும் படிக்கவில்லை. படித்த ஒருத்தியும் போதாது என்று திருத்தியிருக்கிறாள். திருத்தியதுதான் வேலை செய்திருக்கிறது.

அத்தை, இந்தப் பின்குறிப்போடு கடிதத்தை அனுப்பினால் ரூபா மாட்டிக்கொள்வாள். பின்குறிப்பைக் கிழித்துவிட்டு அனுப்பினால் நீங்கள் முகவரியை அனுப்பிவிடுவீர்கள். பன்னீர்செல்வம் திரும்பி வந்துவிடுவார். அதனால் முன்பக்கம், பின்பக்கம் எதையும் நீங்கள் படிக்கப் போவதில்லை. தாத்தா இன்னும் கொஞ்ச நாள் ஜெயிலில் இருக்கட்டும். நானும் கூட இருக்கிறேன்.

உங்களுக்கு ஒரு போஸ்ட் கார்டு போடுகிறேன். இரண்டே வரி.

'தப்பு என்னுடையது. பொடி தீர்ந்துவிட்டது.'

இரண்டாவது வரி பொய். உள்ளே அப்பா சூரை மீனில் பொடியைத் தடவிக்கொண்டிருக்கிறார்.