தொண்ணூறாம் பக்கத்தை நீக்கக் கோரி

மதிப்பிற்குரிய பதிப்பாசிரியர் விஷ்ணுப்ரியா அவர்களுக்கு,

திருவனந்தபுரம் ஸ்ரீவராகத்திலிருந்து, ஓய்வுபெற்ற சப் இன்ஸ்பெக்டரும் தங்கள் பதிப்பகத்தின் தன்னம்பிக்கை எழுத்தாளருமான வெங்கடகிருஷ்ணன் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. நானும் என் மனைவி வாலாம்பாளும் நலம். தாங்களும் நலமாக இருப்பதாகவே நம்பப்படுகிறது.

‘பயமே, கையைத் தூக்கு’ இரண்டாம் பதிப்புக்குப் போவதாகத் தாங்கள் போனில் சொன்னதும் பழவங்காடிப் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்துவிட்டு வந்தேன், வந்தால் வாசலில் என் புத்தகமும் கையுமாக ஒருவர் நிற்கிறார், கையெழுத்துக்குத்தான் வந்திருக்கிறார் என்று பேனாவைத் திறந்து “பெயர்? தகப்பனார் பெயர்? விலாசம்?” என்று கேட்டேன். வாசகர்களிடம் அப்படிக் கேட்கக் கூடாதென்று வெளியீட்டு விழாவிலேயே தாங்கள் காதோடு சொன்னீர்கள், பழக்கம் விடவில்லை. அவர் சத்தம் உயர்த்தாமல், “எல்லாம் இதுலயே இருக்கு சாரே. தொண்ணூறாம் பக்கம்” என்றார்.

அவர்தான் லிங்கராஜ். சாலை பஜாரில் ஒரு கடையில் செம்புக் கம்பி திருடியதாக நான் பிடித்து, ஜாமீனில் விட்டபோது சனிக்கிழமைதோறும் ஸ்டேஷனுக்கு வந்து கையெழுத்துப் போட்டவர். ‘என் ஒரு சொல்லில் திருந்திய திருடன்’ என்று நான் எழுதிய அத்தியாயம் அவரைப் பற்றியது. கதைக்கு எதற்கு சார் விலாசம் என்று தாங்கள் கேட்டீர்கள், விலாசம் இல்லாத ஆள் கோர்ட்டில் நிற்கமாட்டான் என்று வாதாடி ஊர், தெரு, தகப்பனார் பெயர் வரை போட வைத்தது நான்தான்.

“திருந்தினேன்னு எழுதியிருக்கீங்க சாரே. திருந்துறதுக்கு நான் என்ன செஞ்சேன்? நான் எடுக்கலன்னு கோர்ட்டே விட்டுச்சுல்லா?” என்றார். எனக்குத் தெரியாது அம்மா. கேஸ் முடிவதற்குள் எனக்கு மாற்றல் வந்துவிட்டது. பிறகொரு நாள் சாலை பஜாரில் அவர் சொந்தக் கடை போட்டு மரியாதையாக வியாபாரம் செய்வதைப் பார்த்தேன், எல்லாம் என் முன்னால் நின்று கையெழுத்துப் போட்ட பலன் என்று நானே முடிவுகட்டிவிட்டேன். அந்த ‘ஒரு சொல்’ என்ன சொல் என்றும் கேட்டார். யோசித்துப் பார்த்தால் “இங்க போடு” என்பதைத் தவிர நான் எதுவும் சொன்னதாக நினைவில்லை.

சண்டைக்கு வந்திருந்தால் சமாளித்திருப்பேன். “மவ ஷிஜா படிச்சிட்டா சாரே. ‘அப்பா, அப்போ நீங்க எடுத்தீங்களா’ன்னு கேக்கா. இல்லன்னு சொன்னா, ‘போலீஸ் சார் புஸ்தகத்துல பொய்யா எழுதுவாரா’ங்கா. நீங்க வந்து உங்க வாயால சொல்லணும்” என்றார். சரியென்று தலையாட்டினேனே தவிர, அன்றிலிருந்து சோறு இறங்கவில்லை. வாலாம்பாள் மோர்ப் பாத்திரத்தை வைத்துவிட்டு, “ஊருக்கெல்லாம் தைரியம் சொல்றேள். அந்தக் கொழந்தைகிட்ட போய் நிக்க மாட்டேங்கறேள்” என்றாள். உண்மைதான், எனக்குப் பயமாக இருக்கிறது.

ஆகவே மேற்படி அத்தியாயத்தை அடியோடு நீக்கிவிடவும். இனி நான் எழுதுவதாகவும் இல்லை. தங்கள் பதிப்பகம் தழைக்கவும், என் கையெழுத்தைப் படித்துப் படித்து நொந்த தங்கள் கண்கள் நலம்பெறவும் பத்மநாபசுவாமியை வேண்டிக்கொள்ளும்,

வெங்கடகிருஷ்ணன்

பி.கு.: இதைத் தபாலில் சேர்க்காமலே வைத்திருந்தேன். இதற்கிடையில் லிங்கராஜ் வீட்டுக்குப் போய்விட்டு வந்தேன், ஆகவே மேலே கேட்டதை ரத்து செய்யவும். அந்தப் பெண் சட்டம் படிக்கிறாளாம். நான் வாயைத் திறப்பதற்குள் வெள்ளைத் தாள் எடுத்து, “பேரு? அப்பா பேரு? அட்ரஸ்?” என்றாள். சொன்னேன். நடந்ததை நடந்தபடி சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டு, “வாசிச்சு நோக்கிட்டு ஒப்பு போடுங்க சார்” என்று பேனாவை நீட்டினாள். கையெழுத்துப் போட்டேன். அதன் பிறகுதான் அப்பாவைத் திரும்பிப் பார்த்தாள், அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். அவள் எழுதியதை இத்துடன் வைத்திருக்கிறேன். பழைய அத்தியாயத்துக்குப் பதில் இதைப் போடுங்கள், ஓர் எழுத்தையும் திருத்த வேண்டாம், அவர்கள் விலாசத்தை மட்டும் எடுத்துவிடுங்கள். என்னுடையது இருக்கட்டும். புதுப் பதிப்பு கைக்கு வரும்வரை சனிக்கிழமைதோறும் நான் அங்கே போய்க் கையெழுத்துப் போட வேண்டுமென்பது ஷிஜா போட்ட கண்டிஷன். நேற்றுதான் முதல் சனிக்கிழமை. போனதும் லிங்கராஜ் எனக்கு நாற்காலி எடுத்துப் போட்டார். ஸ்டேஷனில் ஒரு சனிக்கிழமைகூட நான் அவரை உட்காரச் சொன்னதில்லை.