தாதர் ஸ்டேஷனில் நான் கொடுக்காத வாக்கு

தாராவி, பம்பாய்
ஆவணி, 1964

மகா கனம் பொருந்திய அத்தான் ஆறுமுகநயினார் அவர்களுக்கு, மைத்துனன் தளவாய் கும்பிட்டு எழுதுவது. இங்கே நானும் செண்பகவல்லியும் மகள் பூமாரியும் சுகம். அங்கே தாங்களும் அகிலாண்டம் அக்காளும் மருமகன் பூலோகமும் (அக்காள் மகன் என்ற முறையில் மட்டுமே மருமகன்) சுகமாக இருக்க வேண்டியது.

போன வருஷம் தாங்கள் குடும்பத்தோடு பம்பாய் வந்து திரும்பியபோது, தாதர் ஸ்டேஷனில் ரயில் ஜன்னலைப் பிடித்துக்கொண்டு, "பூமாரி உங்க வீட்டுக்குத்தான்" என்று நான் வாக்குக் கொடுத்ததாகவும், தையில் கல்யாணத்துக்குத் தேதி பார்ப்பதாகவும் எழுதியிருக்கிறீர்கள். அத்தான், என் ஞாபகசக்தி ஊரறிந்தது. அக்காள் அழுதாள், நான் வேர்க்கடலைப் பொட்டலம் வாங்கி நீட்டினேன், "பாப்போம்" என்றேன், அவ்வளவுதான். வடாலாவில் ஒரு ரயில்வே மாப்பிள்ளையைப் பேசி முடிக்கிற நேரத்தில் இப்படி எழுதினால் நான் எந்தச் சுவரில் போய் முட்டிக்கொள்ள? சாட்சிக்குச் செண்பகவல்லியைக் கேட்டேன். "பாப்போமா? துண்ட ஆட்டிக்கிட்டே 'தந்தேன், தந்தேன்'னுல்லா கத்துனிய! வேர்க்கடலை வாங்குனது நானு" என்கிறாள், பாவி. சரி, அன்று பெட்டி தூக்க வந்த பக்கத்து வீட்டு ஆபிரகாமைக் கேட்போம் என்று போனால், அவன் பைபிளில் கை வைத்து, "அண்ணாச்சி, பொண்ணோட தையல் மிஷினும் சேத்துத் தாரேன்னிய" என்கிறான். ஏது அத்தான் தையல் மிஷின்? எங்கள் வீட்டில் ஒரு நல்ல ஊசி கிடையாது! நான் போட்ட சத்தத்தில் எங்கள் சால் குடியிருப்பில் வரிசை வீட்டுக்காரர்கள் முழுக்கக் கூடிவிட்டார்கள். ஸ்டேஷன் பக்கமே வராதவர்களெல்லாம் "நாங்களும் கேட்டோம்" என்கிறார்கள்.

வாக்கு என்றால் பெண்ணைப் பெற்றவன் வாயிலிருந்து வரவேண்டும். என் வாயிலிருந்து வரவில்லை. அக்காள் வருத்தப்படுவாள் என்று தெரியும், ஆனாலும் சொல்லாததைச் சொன்னேன் என்று எப்படி ஒத்துக்கொள்வேன்? கோபப்படாதீர்கள்.

பெரியவர்களுக்குக் கும்பிடு, சிறுசுகளுக்கு முத்தம். சுடலைமாடன் எல்லோரையும் காக்கட்டும்.

இப்படிக்கு,
எதையும் மறவாத
தளவாய்

பி.கு: மாமா, நான் பூமாரி. அப்பா சொல்லச் சொல்ல எழுதுனது நான்தான். இத மட்டும் அப்பா சொல்லல. அன்னைக்கு அப்பாவுக்குத் தோல் கம்பெனியில டபுள் டூட்டி, ஸ்டேஷனுக்கே வரல. வண்டி நகரும்போது அத்தை என் கையப் பிடிச்சு, "எங்க வீட்டுக்கு வாரியாட்டி?"ன்னு கேட்டாக. "வாரேன் அத்தை"ன்னு சொன்னது நான். பொம்பளப் பிள்ளை வாக்குக் குடுத்தா என்ன செய்யன்னு தெரியாம, எல்லாருமாச் சேந்து அத அப்பா வாயில போட்டுட்டிய. பூலோகம் அத்தானைக் கேட்டுப் பாருங்க. அவுகளும் மறந்திருந்தா உடனே எழுதுங்க, வடாலாக்காரருக்குச் சரின்னு சொல்லிருதேன்.